வாய் திறக்காத கூட்டாளிகள்

அத்தியாயம் 9

ரொட்டியின் மேல்புறத்தில் கத்தி முனையால் ஒரு சிலுவை கீறினார் அன்செல்மோ. முதல் துண்டை அறுத்து, காலடியில் காத்திருந்த கறுப்பு நாய்க்குப் போட்டார். ஆடு மேய்க்கிறவன் ரொட்டியில் முதல் துண்டு நாய்க்குத்தான். மனிதர்கள் அப்புறம்.

“நல்லா தின்னுக்கோ, பெல்ட்ஸ்,” என்றார் நாயிடம். “நாளைக்குக் காலைல நாம மலைக்குப் போறோம். பனி விழற வரைக்கும் கீழே இறங்க மாட்டோம். ஆகஸ்ட்ல இங்க ஏதோ கல்யாணமாம். யாராவது நம்மள தேடுனா சொல்லிடு.”

மேசையின் மறுகோடியில் உட்கார்ந்திருந்த அவருடைய அண்ணன் சிப்ரியானோ காப்பிக் கிண்ணத்திலிருந்து தலையை எடுக்கவில்லை.

“பெனிட்டா, அந்த நாய்கிட்ட ஒண்ணு சொல்லு. போறவங்கள இங்க யாரும் கட்டிப்போட்டு வைக்கல.”

அடுப்பில் பூண்டு சூப்பைக் கிளறிக்கொண்டிருந்த சிப்ரியானோவின் மனைவி பெனிட்டா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. “நானும் இந்த நாயும் பதினோரு வருஷமா இந்தத் தூது வேலையத்தான் பாக்குறோம். நாய்க்காவது முதல் துண்டு கிடைக்குது.”

அமெரிக்காவின் நெவாடா மாநிலத்தில், வின்னமக்கா ரயில் நிலையத்துக்கு எதிரே இருக்கும் உரிசார் விடுதியில் இது புதுச் சண்டை அல்ல. விடுதியில் தங்கும் மேய்ப்பர்கள் இதற்குப் பழகிவிட்டார்கள். புதிதாக ஊரிலிருந்து வந்து இறங்குகிறவனுக்கு முதலில் சாப்பாட்டு மணி எப்போது அடிக்கும் என்று சொல்வார்கள். அடுத்து, இந்த அண்ணன் தம்பிக்கு நடுவில் உட்காராதே என்று சொல்வார்கள்.

பதினோரு வருடத்துக்கு முன்னால் ஒரு குளிர்காலத்தில், இதே விடுதியின் சாப்பாட்டுக் கூடத்தில் முஸ் சீட்டாட்டத்தின் கடைசிப் போட்டி நடந்தது. அண்ணனும் தம்பியும் கூட்டாளிகள். எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள். புள்ளிக்கு ஒரு பீன்ஸ் விதை என்பது கணக்கு; ஜெயிக்க இன்னும் நாலைந்து விதைதான் பாக்கி. அப்போது அன்செல்மோ, எதிரே இருந்த அண்ணன் முகத்தை ஒரு தரம்கூடப் பார்க்காமல், “ஓர்தாகோ” என்று சொல்லிவிட்டார். இந்த ஒரு கையிலேயே முழு ஆட்டமும் முடியட்டும் என்று அர்த்தம். முடிந்தது. தோற்றார்கள்.

சிப்ரியானோவுக்குத் தோற்றது பெரிதில்லை. “என் மூஞ்சியப் பாத்தானா?” என்று அன்றைக்குக் கேட்டார். அதற்குத் தம்பி பதில் சொல்லவில்லை. அண்ணன் அப்புறம் எதுவும் கேட்கவில்லை.

இப்போது சிப்ரியானோவின் மகள் ஃபெலிசாவுக்குக் கல்யாணம். அவளுக்குக் குதிரை ஏறக் கற்றுக்கொடுத்தவர் சித்தப்பா. பள்ளிக்கூடத்து நாடகத்தில் அவள் ஆட்டுக்குட்டியாக நடித்தபோது, மலையிலிருந்து இறங்கி வந்து கடைசி வரிசையில் நின்று பார்த்தவர். அப்பா ஒரு பக்கம், சித்தப்பா ஒரு பக்கம் கையைப் பிடித்துக் கோயிலுக்கு நடக்க வேண்டும் என்பது அவள் ஆசை. பேசாத அண்ணனோடு ஊர் பார்க்கப் பந்தியில் உட்கார மாட்டேன், மலையிலேயே இருந்துகொள்கிறேன் என்று சித்தப்பா சொல்லிவிட்டார்.

ஆகவே இன்றைக்குள் அவர்கள் ஒரு வார்த்தையாவது பேசியாக வேண்டும். அதற்காகத்தான் போன வாரம் ஃபெலிசா ஒரு காரியம் செய்தாள். ஸ்பெயின், பிரான்ஸ் எல்லை மலைகளிலிருந்து வந்து குடியேறிய பாஸ்க் மக்களின் கோடைத் திருவிழாவில் நடக்கும் முஸ் போட்டிக்கு, இரண்டு பேருக்கும் தெரியாமல், இரண்டு பேரையும் கூட்டாளிகளாகப் பெயர் கொடுத்துவிட்டாள்.

பெயரை எழுதிக்கொண்ட ஃபாதர் கண்ணாடிக்கு மேலாக அவளைப் பார்த்தார். “பேசிக்கிறாங்களா?”

“பேசிடுவாங்க, ஃபாதர்.”

அந்தத் திருவிழா இன்றைக்குத்தான்.

“அம்மா, மாடில கடைசி ரூமுக்கு எதுக்குப் புது விரிப்பு?” ஃபெலிசா ஏப்ரனைக் கழற்றிக்கொண்டே கேட்டாள்.

“பழசு கிழிஞ்சு போச்சு.”

“பூ ஜாடியும் கிழிஞ்சு போச்சா?”

பெனிட்டா கரண்டியை விளிம்பில் தட்டினாள். “ரொட்டியெல்லாம் வண்டியில ஏத்து. கேள்வி கேக்கறவ வேலை செய்ய மாட்டா.”

•

திடலில் திருப்பலிப் பூசை முடிந்ததும், வெள்ளை உடையும் சிவப்பு இடைக்கச்சும் கட்டிய பிள்ளைகள் ஆடினார்கள். ஒரு பக்கம் மரம் வெட்டும் போட்டி. சிராய்கள் பறந்துகொண்டிருந்தன. இன்னொரு பக்கம் ஆட்டுக்கறி சுடும் புகை காற்று திரும்பும் பக்கமெல்லாம் திரும்பி, எல்லோரையும் பசிக்க வைத்தது. தோல்பை மது கைமாறிக்கொண்டே இருந்தது. வயதான பெண்கள் நிழலில் நாற்காலி போட்டு, யார் பெண் யாரோடு ஆடுகிறாள் என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

காட்டன்வுட் மரங்களுக்குக் கீழே முஸ் மேசைகள். ஃபாதர் ஒரு பெட்டி மேல் ஏறி நின்று ஜோடிகளை வாசித்தார்.

“உரிசார் சகோதரர்கள். சிப்ரியானோ, அன்செல்மோ.”

மரத்தடியில் எல்லாத் தலையும் திரும்பின. தோல்பையை உயர்த்தியவர் வாயில் ஊற்ற மறந்து சட்டையில் ஊற்றிக்கொண்டார்.

சிப்ரியானோ கறி சுடும் இடத்தில் கையில் இடுக்கியோடு நின்றிருந்தார். அன்செல்மோ மறுபக்கம் நாயோடு. இரண்டு பேரும் ஒரே நேரத்தில் ஃபெலிசாவைத் திரும்பிப் பார்த்தார்கள். அவள் மேகத்தைப் பார்த்தாள்.

விலகிக்கொள்கிறேன் என்று யாராவது ஒருவர் சொல்லியிருந்தால் அத்தோடு போயிருக்கும். சொல்லியிருப்பார்கள். ஆனால் ஷால்பாட் வாயைத் திறந்தார். மாப்பிள்ளை எராமுனின் அப்பா அவர். பிரெஞ்சு எல்லைப் பக்கத்து மலைக்காரர்; உரிசார்கள் ஸ்பெயின் பக்கத்து பிஸ்காயாக்காரர்கள். அடுத்த பள்ளத்தாக்கில் ஆட்டுப் பண்ணை வைத்திருப்பவர்.

“விடுங்க ஃபாதர்,” என்றார் எல்லோருக்கும் கேட்கும்படி. “பிஸ்காயாக்காரங்களுக்கு இன்னிக்கு உடம்பு சரியில்ல போலருக்கு. நம்ம பக்கத்து ஜோடிய கூப்பிடுங்க.”

சிப்ரியானோ இடுக்கியைக் கீழே வைத்தார். மேசையைப் பார்த்து நடந்தார். எதிர்த் திசையிலிருந்து அன்செல்மோவும் நடந்து வந்தார். ஒருவரை ஒருவர் பார்க்காமல் எதிரெதிரே உட்கார்ந்தார்கள்.

ஃபெலிசா அம்மாவின் கையை இறுக்கிப் பிடித்தாள். “பாத்தியா? உக்காந்துட்டாங்க. இனிமே பேசித்தான ஆகணும்.”

பெனிட்டா மகளைப் பரிதாபமாகப் பார்த்தாள்.

“இந்த வீட்டுல பொறந்து, சீட்டு மேசைக்குக் கீழ தவழ்ந்து வளந்த பொண்ணு நீ. முஸ் ஆட வாய் எதுக்குடி? மூஞ்சி போதாதா?”

ஃபெலிசாவின் கை தளர்ந்தது.

உண்மைதான். கீழுதட்டைக் கடித்தால் கையில் இரண்டு ராஜா; முஸ்ஸில் மூன்றாம் எண் சீட்டும் ராஜாக் கணக்குதான், ஆகக் கட்டில் எட்டு ராஜா. நாக்கு நுனியைக் காட்டினால் இரண்டு ஏஸ். கண்ணை மூடினால் ஒன்றுமே இல்லை, வெறும் கை. எதிராளி பார்க்காத நேரத்தில் கூட்டாளிக்கு இந்த ஜாடைகளைக் காட்டலாம். அது திருட்டு இல்லை, ஆட்டத்தில் சேர்த்திதான். பொய் ஜாடை மட்டும் காட்டக்கூடாது. பந்தயத்தில் எவ்வளவு வேண்டுமானாலும் ஏமாற்றலாம். ஜாடையில் பொய் காட்டினவனோடு அப்புறம் ஊரில் யாரும் உட்கார மாட்டார்கள்.

இதெல்லாம் தெரிந்த பெண்தான். ஆனால் அப்பாவும் சித்தப்பாவும் ஒரே மேசைக்கு வந்தால் போதும் என்ற நினைப்பில், மேசையில் என்ன ஆட்டம் என்பதை மறந்துவிட்டாள்.

•

முதல் ஜோடி பக்கத்து ஊரான எல்கோவிலிருந்து வந்தவர்கள். வாய் ஓயாத ஜோடி. “எனக்கு ஒண்ணும் வரல, உனக்கு?” என்று சத்தமாகக் கேட்டுக்கொண்டு, எதிராளியைக் குழப்புகிற தினுசு. உரிசார் சகோதரர்கள் ஒரு வார்த்தையும் பேசவில்லை. அண்ணன் புருவம் அசைந்ததோ இல்லையோ, தம்பி “பந்தயம் ரெண்டு” என்றார். எல்கோக்காரர்கள் அந்தப் புருவத்தைப் பார்க்கவே இல்லை. அரை மணியில் எழுந்து போனார்கள்.

இரண்டாவது ஜோடியும் போனது. மூன்றாவதும் போனது.

மரத்தடியில் கூட்டம் சேர்ந்துவிட்டது. கோடரியைத் தோளில் சாத்திக்கொண்டு மரம் வெட்டுகிறவர்களும் வந்து நின்றார்கள். இப்படி ஒரு ஜோடியை யாரும் பார்த்ததில்லை. தினமும் பேசிக்கொள்கிற அண்ணன் தம்பிக்கு ஒருவர் முகம் ஒருவருக்கு அவ்வளவாகத் தெரியாது. இவர்கள் பதினோரு வருடம், குளிர்காலமெல்லாம், ஒரே சாப்பாட்டு மேசையில் பேசாமல் உட்கார்ந்தவர்கள். உப்பு வேண்டுமென்றால் அண்ணன் முகவாய் எப்படிக் கோணும், சூப் ஆறிப்போனால் தம்பியின் மூக்கு எப்படி விடைக்கும் என்பதெல்லாம் இரண்டு பேருக்கும் மனப்பாடம். உதட்டைக் கடிக்கக்கூட வேண்டியிருக்கவில்லை. கடிக்கலாமா என்று நினைத்தாலே எதிரே இருப்பவருக்குப் புரிந்துவிட்டது.

“இது தெரிஞ்சிருந்தா நானும் என் பொண்டாட்டிகூடப் பேசாம இருந்திருப்பேன்,” என்றார் கூட்டத்தில் ஒருவர். அவர் பொண்டாட்டி பின்னால்தான் நின்றிருந்தாள். இருந்து பாரு, யாரு வேண்டான்னா என்றாள்.

சிரிக்காதவள் ஃபெலிசா ஒருத்திதான்.

எராமுன் அவளைத் தேடி வந்தபோது, அவள் லெமனேட் பீப்பாய்க்குப் பின்னால் நின்று நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தாள். அவன் சட்டைக் கையை மடித்துவிட்டு, இன்னொரு மேசையில் அப்பா ஷால்பாட்டோடு ஆடி ஜெயித்துவிட்டு வந்திருந்தான். கடைசிப் போட்டி இனி இரண்டு குடும்பத்துக்கும் நடுவில்தான்.

“உங்க வீட்டு ஆளுங்க பயங்கரமா ஆடுறாங்க,” என்றான் சந்தோஷமாக.

“அதான் கஷ்டம்.”

“ஜெயிச்சா உனக்கு நல்லதுதானே?”

அவள் அவனைப் பிடித்து இழுத்து நிறுத்தினாள். பேசாமலே ஜெயித்துவிட்டார்கள் என்றால், பேசாமல் இருப்பதுதான் ராசி என்று அப்பா நினைத்துக்கொள்வார், சாம்பியன் தொப்பியைச் சுவரில் மாட்டி வைத்து, வருகிற போகிறவர்களிடமெல்லாம் அதைக் காட்டிக்கொண்டே இன்னும் இருபது வருடம் வாயை மூடிக்கொண்டிருப்பார் என்று மூச்சுவிடாமல் சொன்னாள்.

“அதனால நீ ஜெயிக்கணும்.”

எராமுன் தலையைச் சொறிந்தான். “காலைல பூசையில நீ என்ன வேண்டுன? எங்கப்பா தோக்கணும்னு.”

“காலைல எனக்கு விவரம் தெரியல.”

“அவங்களுக்கு மூஞ்சிய வச்சே எல்லாம் புரியுது. எங்கப்பாவுக்கு நான் உதட்டையே கடிச்சுத் துப்புனாலும் தெரியாது. கண்ணாடி போட மாட்டேங்கிறார்.”

“போட வை.”

“நீ வந்து சொல்லிப் பாரு. வரப்போற மருமக சொன்னா கேப்பாரு.”

அவள் நிஜமாகவே போய்ச் சொன்னாள். ஷால்பாட் அவளை மேலும் கீழும் பார்த்தார். பிஸ்காயாக்காரி ஒருத்தி, தன் சொந்த அப்பனைத் தோற்கடிக்கச் சொல்லித் தனக்குக் கண்ணாடி எடுத்துக் கொடுக்கிறாள் என்பதை அவரால் நம்ப முடியவில்லை. இது ஏதோ தந்திரம் என்று கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு கண்ணாடியை வாங்கிச் சட்டை நுனியில் துடைத்து மாட்டிக்கொண்டார்.

“என் பையன் நல்ல இடத்துலதான் பொண்ணு பாத்திருக்கான்,” என்றார்.

அம்மாவிடம் யோசனை கேட்கலாம் என்று ஃபெலிசா திரும்பினாள். பெனிட்டா கையில் சாவியோடு விடுதிப் பக்கம் கிளம்பிக்கொண்டிருந்தாள்.

“கடைசிப் போட்டிம்மா. இப்ப எங்க போற?”

“ரயில் நேரமாச்சு. அங்க எனக்கு ஒரு வேலை இருக்கு.”

“ரயில்ல யாரு வரா?”

“ரயில்ல ஜனங்க வருவாங்க,” என்றாள் பெனிட்டா. முந்தானைபோல் தோளில் போட்டிருந்த சால்வையைச் சரிசெய்துகொண்டு, பெரிய அவசரத்தில் இருக்கிறவள்போல் நடந்தாள். திருவிழா நாளில் அம்மா உதட்டில் லேசாகச் சிவப்புப் பூசியிருந்ததை ஃபெலிசா அப்போதுதான் கவனித்தாள்.

•

ஆட்டம் ஒன்றுக்கு ஒன்று சமமாகி, மூன்றாவது ஆட்டத்துக்கு வந்து நின்றது.

கண்ணாடி போட்ட ஷால்பாட் வேறு ஆளாகியிருந்தார். மகன் காட்டுகிற ஜாடை மட்டுமல்ல, சிப்ரியானோ மேல் உட்கார்ந்த ஈகூட அவருக்குத் தெரிந்தது. மேசையில் இரண்டு பக்கமும் பீன்ஸ் விதைகள் ஏறக்குறைய சமம். கூட்டம் நெருக்கிக்கொண்டு நின்றது. அன்செல்மோவின் நாற்காலிக்குக் கீழே பெல்ட்ஸ் தூங்கியது.

கடைசிச் சீட்டுகள் விழுந்தன. ராஜா மாதிரி பெரிய சீட்டு யாரிடம் அதிகம் என்கிற சுற்று.

ஷால்பாட் தன் சீட்டைப் பார்த்தார். ஒரு முறை கவிழ்த்தார். மறுபடியும் பார்த்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு, “ஓர்தாகோ” என்றார்.

கூட்டத்தில் யாரோ பெருமூச்சு விட்டார்கள்.

ஒத்துக்கொண்டால் இந்தக் கையிலேயே எல்லாம் முடிந்துவிடும். மறுத்தால் ஒரே ஒரு விதைதான் போகும். பயந்தவன் மறுக்கலாம். புத்தியுள்ளவனும் மறுக்கலாம்.

பதில் சொல்ல வேண்டியது அன்செல்மோ. அவர் கையில் இரண்டு ராஜா. நல்ல கைதான். ஷால்பாட் பூச்சாண்டி காட்டுகிறார் என்றால் போதும். இல்லையென்றால் போதாது.

பதினோரு வருடத்துக்கு முன்னால் இதே மாதிரி ஒரு நிமிஷத்தில்தான் அவர் வாயைத் திறந்தார். அந்தக் கூட்டத்தில் பாதிப் பேர் அன்றைக்கும் இருந்தவர்கள். எல்லோரும் அவர் வாயைப் பார்த்தார்கள்.

அன்செல்மோ வாயைத் திறக்கவில்லை. சீட்டுகளைக் கவிழ்த்து வைத்தார். தலையை நிமிர்த்தி, எதிரே இருந்த அண்ணன் முகத்தைப் பார்த்தார். காலையிலிருந்து பார்த்த பார்வை இல்லை இது. அதெல்லாம் ஆட்டத்துக்கான திருட்டுப் பார்வை. இது எல்லோரும் பார்க்கும்படி, வெளிச்சத்தில், நேராக.

சிப்ரியானோ கண்களை மூடினார்.

வெறும் கை.

மூடிய கண்ணை அவர் திறந்தபோதும் தம்பி அப்படியே பார்த்துக்கொண்டிருந்தார். ஜாடை வந்துவிட்டது. இனி பார்க்க ஒன்றுமில்லை. ஆனாலும் பார்வையை எடுக்கவில்லை. கூட்டத்துக்கு நடுவில் நின்ற ஃபெலிசா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள்.

“அண்ணே,” என்றார் அன்செல்மோ. பழக்கம் விட்டுப்போன வார்த்தை. செருமிக்கொண்டு மறுபடி சொன்னார். “அண்ணே, என்ன சொல்லட்டும்?”

மரத்தில் இலை அசைகிற சத்தம் கேட்டது. ஃபாதர் பெட்டியிலிருந்து இறங்கிவிட்டார்.

சிப்ரியானோ முன்னால் குனிந்தார். மேசைமேல் இருந்த விதைகளை ஒரு விரலால் வரிசையாக ஒதுக்கினார். ஒதுக்கி முடித்ததும் நிமிர்ந்தார்.

“என் கையில ஒண்ணுமில்ல. உன் கையில இருக்கிறது உனக்குத்தான் தெரியும்.” தம்பியை நேராகப் பார்த்தார். “நீ சொல்லுடா தம்பி. எதுவானாலும் நம்ம ரெண்டு பேரும் சேந்து சொன்னதுதான்.”

அன்செல்மோ ஷால்பாட் பக்கம் திரும்பினார்.

“காட்டுங்க,” என்றார்.

ஷால்பாட் ஒவ்வொரு சீட்டாகத் திருப்பினார். ராஜா. ராஜா. கொஞ்சம் ரசித்துவிட்டு மூன்றாவது. அதுவும் ராஜா.

முடிந்தது.

கூட்டம் கைதட்டலாமா வேண்டாமா என்று தவித்தது. இன்னொரு பதினோரு வருடம் ஆரம்பமாகிறதா என்று எல்லோரும் சிப்ரியானோவைப் பார்த்தார்கள். அவர் கையை நீட்டி, தம்பியின் சீட்டைப் புரட்டிப் பார்த்தார். இரண்டு ராஜாக்களையும் ஏதோ கறிகாய் வாங்குகிறவர்போலத் தூக்கிப் பார்த்துவிட்டுக் கீழே வைத்தார்.

“நானா இருந்தாலும் காட்டச் சொல்லியிருப்பேன்,” என்றார்.

அப்போதுதான் கைதட்டல் வந்தது. தங்க நூலில் எழுத்துத் தைத்த இரண்டு பெரிய கறுப்புத் தொப்பிகளை ஃபாதர் கொண்டுவந்து ஷால்பாட் தலையிலும் எராமுன் தலையிலும் வைத்தார். எராமுன் தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு வந்து வருங்கால மாமனார் முன்னால் நின்றான்.

“மாமா, ஆகஸ்ட்டுக்கு அப்புறம் இதுவும் உங்க வீட்டுத் தொப்பிதானே?”

“பிரெஞ்சுப் பக்கத்துத் தொப்பி என் வீட்டுக் கொக்கியில தொங்காது,” என்றார் சிப்ரியானோ. ஆனால் அதை வாங்கித் தலையில் வைத்துப் பார்த்தார். பெரிதாக இருந்தது. “இவனுங்களுக்கு மண்டையும் பெருசு.”

ஃபெலிசா அழுதுகொண்டே சிரித்தாள். ஷால்பாட் அவளருகே வந்து, அப்பன் தோற்றதற்கு இப்படிச் சந்தோஷப்படுகிற பெண்ணை இதுவரை பார்த்ததில்லை என்று சொல்லி, கண்ணாடியை மடித்துப் பத்திரமாகப் பையில் வைத்துக்கொண்டார்.

•

விடுதிக்குத் திரும்பும்போது வண்டியை சிப்ரியானோ ஓட்டினார். நடுவில் ஃபெலிசா. ஜன்னல் பக்கம் அன்செல்மோ. பின்னால் காலி ரொட்டிக் கூடைகளுக்கு நடுவில் பெல்ட்ஸ்.

திடலின் வாசல் தாண்டுவதற்குள் ஆரம்பித்துவிட்டது.

“ரெண்டாவது ஆட்டத்துல எதுக்குடா அந்த ஏஸ தூக்கிப் போட்ட?”

“நீ முகவாய்க்கட்டைய கோணுன. எனக்கு வேண்டாம்னு அர்த்தம்.”

“அது பல்லுல கறி மாட்டிக்கிச்சுடா.”

“அப்ப ஆட்டத்துக்கு நடுவுல கறி திங்காத.”

“கறி சுட்டது யாரு? காலைலேருந்து புகையில நின்னது யாரு?”

“கருகிப்போச்சு. சொல்லணும்னு நெனச்சேன். அப்பதான் பேசறதில்லையே நம்ம.”

போன வருட ரோமம் கத்தரிப்பு, அதற்கு முந்தின வருடம் செத்துப்போன செம்மறிக் கிடா, மூன்றாவது குளிர்காலத்தில் யார் கதவைத் திறந்து வைத்து எண்ணெய் அடுப்பு அணைந்தது என்று பதினோரு வருடமும் ஒவ்வொன்றாக வெளியே வந்தது. ஒருவர் பேசி முடிக்கும் முன்னால் மற்றவர் பேசினார். பேச்சு அவள் மூக்குக்கு முன்னால் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பறந்தது. காது வலித்தது. ஃபெலிசா கண்ணை மூடிச் சாய்ந்துகொண்டாள். இந்த நாள் இப்படியே போய்க்கொண்டிருந்தால் போதும் என்றிருந்தது.

“நாளைக்கு மலைக்குப் போறீங்களா, சித்தப்பா?” என்று நடுவில் ஒரு இடைவெளி கிடைத்தபோது கேட்டாள்.

“போகாம? ஆடு என்ன தானா மேயுமா?” என்றார் அவர். பிறகு வெளியே பார்த்துக்கொண்டே, ஆகஸ்ட்டில் ஒரு வாரம் மந்தையைப் பார்த்துக்கொள்ள ஆள் சொல்லிவிட்டுத்தான் வந்தேன், போன மாசமே சொல்லிவிட்டேன், சும்மா இருக்கட்டும் என்று, என முணுமுணுத்தார்.

சிப்ரியானோ அதைக் கேட்டதாகக் காட்டிக்கொள்ளவில்லை. ரயில் பாதையைத் தாண்டும்போது வண்டியை மெதுவாக்கினார். அப்போதுதான், நிதானமாக, அந்தக் கேள்வியைக் கேட்டார்.

“அன்னிக்கு என் மூஞ்சியப் பாக்கல. சரி. போகட்டும். எங்கடா பாத்துக்கிட்டிருந்த?”

அன்செல்மோ ஜன்னல் பக்கம் திரும்பினார். இவ்வளவு நேரம் ஓயாமல் பேசிய வாய் மறுபடி மூடிக்கொண்டது.

ஃபெலிசா கண்ணைத் திறந்தாள். பதினோரு வருடத்துக்கு முன்னால் அவள் சின்னப் பெண். அந்த ராத்திரி கூடத்தில் பரிமாறிக்கொண்டிருந்த டொமினிகா அக்கா ஏப்ரனைக் கழற்றிவிட்டு, பெட்டியைத் தூக்கிக்கொண்டு, சீட்டாட்டக் கூட்டத்தைத் தாண்டிக் கதவுப் பக்கம் போனது ஞாபகம் இருக்கிறது. பாய்சி நகரத்துக்குப் போகிற ரயில். அங்கே அவளுக்கு யாரோ மாப்பிள்ளை பார்த்திருந்தார்கள். கதவைத் திறந்தபோது பனிக்காற்று உள்ளே வந்து, மேசைமேல் இருந்த சீட்டு ஒன்று பறந்தது.

மாடியில் கடைசி அறை. புது விரிப்பு. பூ ஜாடி.

வண்டி தெருமுனை திரும்பியது. விடுதி வாசலில் பெனிட்டா இடுப்பில் கைவைத்து நின்றிருந்தாள். அவள் பக்கத்தில், ஒரு பழைய தோல் பெட்டிமேல், நீல உடையில் ஒரு பெண்மணி உட்கார்ந்திருந்தாள். வண்டிச் சத்தம் கேட்டு எழுந்து, வெயிலுக்குக் கையை நெற்றியில் வைத்துப் பார்த்தாள். டொமினிகா அக்காதான்.

பின்னாலிருந்து பெல்ட்ஸ் ஒரு தரம் குரைத்தது.

“அண்ணே, வண்டிய நிறுத்து,” என்றார் அன்செல்மோ. உடனே, “வேண்டாம், நிறுத்தாத. நேரா போயிடு,” என்றார்.

சிப்ரியானோ வாசலைப் பார்த்தார். அப்புறம் மகளின் தலைக்கு மேலாகத் தம்பியின் முகத்தைப் பார்த்தார்.

அன்செல்மோ கண்களை இறுக மூடிக்கொண்டிருந்தார்.

“வெறும் கையா?” என்றார் அண்ணன். “பரவால்ல. அங்க போய்க் காட்டச் சொல்லுவோம்.”

வாசலுக்கு நேராக வண்டியை நிறுத்தினார்.